நட்சத்திரம் ஒன்றா, எட்டா?

'30 டொராடஸ்' என்று கேட்டால் ஏதோ நட்சத்திரத்தின் பெயர் போல இருக்கும். உண்மையில் அது டரான்டுலா நெபுலா. பெரிய மெகல்லன் மேகத்தில், சுமார் 1,60,000 ஒளியாண்டு தொலைவில், புதிய நட்சத்திரங்கள் பிறக்கும் பிரம்மாண்டமான வாயு மண்டலம். 1750களில் நன்னம்பிக்கை முனையிலிருந்து தென்வானத்தை ஆராய்ந்த பிரெஞ்சுக்காரர் லக்காய் இதை நெபுலா என்றே பட்டியலில் சேர்த்தார்.

குழப்பம் அதன் நடுவில்தான். அங்கே ஆர்136ஏ என்று ஒரு ஒளிப்புள்ளி. இவ்வளவு வெளிச்சம் ஒரே நட்சத்திரத்திலிருந்து வருவதானால் அதன் நிறை சூரியனைப் போல சுமார் 2,500 மடங்கு இருக்க வேண்டும் என்று 1981-ல் சில விஞ்ஞானிகள் கணக்குப் போட்டார்கள். அப்படி ஒரு ராட்சசன் இருக்க முடியுமா? பலர் நம்பவில்லை.

பூமியின் காற்றுமண்டலம்தான் படத்தைக் கலங்கடித்தது. 1985-ல் ஜெர்மானியர்கள் வைகெல்ட்டும் பயரும் கண்ணிமைக்கும் நேரத்தை விடக் குறைவான நேரத்தில் எடுத்த ஏராளமான படங்களைக் கணக்கிட்டு ஒன்றுசேர்த்தார்கள். புள்ளி எட்டு நட்சத்திரங்களாக உடைந்தது! பிறகு ஹப்பிள் தொலைநோக்கி அங்கே ஒரு பெரிய இளம் கூட்டமே இருப்பதைக் காட்டியது.

மிச்சமிருந்த ராட்சசன் ஆர்136ஏ1. 2010-ல் அதற்கு 265 சூரிய நிறை என்றார்கள். 2022-ல் இதே வகை உத்தியால் பக்கத்து நட்சத்திரங்களின் ஒளியைப் பிரித்துப் பார்த்தபோது, அதுவும் 200க்குக் கீழே இறங்கிவிட்டது.