கூண்டோடு தொடங்கிய தொழில்

காட்டுயிர்ப் படங்களுக்குத் தமிழில் பின்னணிக் குரல் கொடுக்கிறேன். விலங்குகளுக்கு நடுவே நின்று பேசும் தொகுப்பாளர் வேலை எப்படிப் பிறந்தது என்று தேடிப் படித்தபோது, அந்தத் தேடல் விலங்குகளைப் பிடிக்கப் போன பயணங்களில் கொண்டுபோய் விட்டது.

1954 டிசம்பரில் பிபிசி 'ஜூ குவெஸ்ட்' தொடரைத் தொடங்கியது. லண்டன் விலங்குக் காட்சிசாலைக்காக சியரா லியோனில் விலங்கு, பறவை, பாம்பு பிடித்த கதை. தொகுப்பாளர், அந்தக் காட்சிசாலையின் ஊர்வனப் பிரிவுப் பொறுப்பாளர் ஜாக் லெஸ்டர். முதல் நிகழ்ச்சியோடு அவர் நோயில் விழுந்தார். அரங்கப் பகுதி நேரலை. அடுத்த வாரம் யாராவது பேசியாக வேண்டும். தயாரிப்பாளர் டேவிட் அட்டன்பரோ பேசினார். அப்போது அவருக்கு 28 வயது.

1956-இல் கொமோடோ தீவு. ஒளிப்பதிவாளர் சார்லஸ் லாகஸும் அவரும் ஆட்டிறைச்சி வைத்து அந்தத் தீவின் ராட்சதப் பல்லியைப் பொறியில் சிக்கவைத்தார்கள். வெளியே கொண்டுபோக இந்தோனேசிய அரசு அனுமதிக்கவில்லை. படச்சுருள் மட்டும் லண்டன் போனது. பார்த்தவர்களுக்கு அதுவே போதுமானதாக இருந்தது. என் கணக்கில் இந்தத் தொழில் திசை திரும்பியது அங்கேதான்.

பிறகு அட்டன்பரோவுக்குச் சில ஆண்டுகள் நிர்வாகப் பதவிகள். 1973-இல் அவற்றை உதறிவிட்டு மறுபடி படமெடுக்க வந்தார். 1979-இல் வெளியான 13 பகுதித் தொடர் 'லைஃப் ஆன் எர்த்'. அதில் ருவாண்டாவின் மலைக் கொரில்லாக்களிடம் போகிறார். கட்டைவிரல் மற்ற விரல்களை எதிர்கொண்டு பற்றும் விதத்தைச் சொல்வதாகத் திட்டம். கொரில்லா அருகே வந்து முகம் பார்த்ததும் அந்தப் பாடத்தை விட்டுவிட்டு, தாழ்ந்த குரலில் வேறு பேசினார். அந்தக் குரலைத் தமிழில் கொண்டுவருவது கடினம். வெறுமனே கிசுகிசுத்தால் சதி பேசுவதுபோல ஆகிவிடும்; மூச்சு கேட்க வேண்டும், சொல்லும் தெளிவாக விழ வேண்டும்.

படப்பிடிப்புக்குச் சற்று முன்பு, அங்கே கொரில்லாக்களை ஆய்ந்துவந்த டயான் ஃபாஸி நேசித்த 'டிஜிட்' என்ற கொரில்லாவை வேட்டைக்காரர்கள் கொன்றிருந்தார்கள். உதவும்படி அவர் கேட்க, ஊர் திரும்பிய அட்டன்பரோ கொரில்லாக்களுக்கு ஆதரவு திரட்ட முனைந்தார். ஆனால் திரையில் அவருடைய தொடர்கள் இயற்கையின் அழகைச் சொன்ன அளவுக்கு அதன் அழிவைச் சொல்ல நெடுங்காலம் ஆயிற்று. சூழல் நெருக்கடியையே பொருளாகக் கொண்ட 'ஸ்டேட் ஆஃப் த பிளானட்' 2000-இல்தான் வந்தது. அது தாமதம்தான் என்று நினைக்கிறேன்.

மலைக் கொரில்லாக்களின் எண்ணிக்கை 2018-இல் ஆயிரத்தைத் தாண்டிவிட்டதாக அறிவித்தார்கள். அன்றாடம் மலையேறிக் கண்ணிகளை அகற்றும் காவலர்களும், காட்டுக்குள்ளேயே போய் மருத்துவம் பார்க்கும் கால்நடை மருத்துவர்களும் காப்பாற்றிக் கொடுத்த உயிர்கள் அவை. அவர்களைப் பற்றி வர்ணனையில் ஒரு வரி வந்தாலும் நான் நிறுத்தி, அழுத்தித்தான் வாசிப்பேன்.