அடையாற்றில் சமைத்த கனவுக் கடவுள்

கனவிலே வந்து கட்டளையிடும் கடவுள்கள் நம் நாட்டுக்குப் புதியவர்கள் அல்லர். புதையலைக் காட்டிய தெய்வம், கோயில் எழுப்பச் சொன்ன சாமி என்று ஊருக்கு ஒரு கதை உண்டு. பாமரரின் பேதைமை என்று பட்டம் பெற்றோர் அதனை எள்ளி நகையாடுவர். ஆனால், பட்டதாரிகளும் நீதிபதிகளும் சீமைச் சீமாட்டிகளும் கூடி, இருபதாம் நூற்றாண்டிலே ஒரு கனவுக் கடவுளைச் சமைத்தனர் தோழர்களே! சமைத்த இடம் இமயம் அன்று. நம் சென்னை, அடையாறு.

1875-ல் நியூயார்க்கில் தோன்றிய பிரம்மஞான சபை, 1882-ல் அடையாற்றங்கரையில் குடியேறியது. மோரியா, குதூமி என்னும் முனிவர்கள் திபெத்தில் வாழ்வதாகவும், அவர்தம் கடிதங்கள் அடையாற்று மாளிகையின் பேழையில் தாமே வந்து விழுவதாகவும் பிளாவட்ஸ்கி அம்மையார் கூறினார். 1884-ல், சபையில் பணியாற்றிய கூலோம் தம்பதியர், அது கைவேலையே என்று அம்மையாரின் கடிதங்களுடன் வெளியிட்டனர். லண்டன் உளவியல் ஆராய்ச்சிக் கழகத்தின் சார்பில் வந்த ஹாட்ஜ்சன், 1885-ல் மோசடி என்று அறிக்கை தந்தார். அவ்வறிக்கை நடுநிலை தவறியது என்று 1986-ல் அக்கழகத்தின் ஏட்டிலேயே வெர்னன் ஹாரிசன் எழுதினார். இருக்கட்டும். அறிக்கையிலே குறை உண்டு என்பதனால் முனிவர்கள் உண்டு என்று ஆகிவிடுமா?

கடிதம் கைக்கு அகப்படும், ஆராயலாம். கனவை எப்படி ஆராய்வது? அடுத்த அவதாரம் அதனால்தான் கனவிலே பிறந்தது!

1909-ல், அடையாற்றுக் கடற்கரையில் விளையாடிய சிறுவன் கிருஷ்ணமூர்த்தியைக் கண்டார் லெட்பீட்டர். சபையில் வேலை பார்த்த ஓய்வுபெற்ற தாசில்தார் நாராயணய்யாவின் மகன், தாயை இழந்தவன், 14 வயதை ஒட்டியவன். மயிலாப்பூர்ப் பள்ளியிலே மந்த புத்தி என்று பிரம்படி பட்டவன். அவன்தான் வருங்கால உலக ஆசான் மைத்ரேயர் எழுந்தருளப்போகும் உடல் என்றார் லெட்பீட்டர்! இரவுதோறும் உறங்கும் சிறுவனின் சூக்கும உடலைத் திபெத்துக்கு அழைத்துச் செல்வதாகவும், குதூமி அங்கே பாடம் சொல்வதாகவும் அறிவித்தார். காலையில் சிறுவன் எழுதியவை என்று 1910-ல் நூலும் வெளிவந்தது. பகலிலே பிரம்படி பட்டவனுக்கு இரவிலே முனிவர் பாடம்! கண்டவர் யார்? கூட்டிச் சென்றவர் ஒருவரே.

ஏன் நம்பினர்? இங்கேதான் நாம் கூர்ந்து நோக்கவேண்டும். சிறுவனின் முற்பிறவிகள் முப்பது என்றும், முதற்பிறவி கி.மு. 22,662 என்றும் கணக்கெழுதிய லெட்பீட்டர், சபையினர் பலருக்கும் நட்சத்திரப் பெயர் சூட்டி, அப்பிறவிகளில் உறவும் பதவியும் வழங்கினார். தனக்குப் பங்கு கிடைத்த கதையை எவன் பொய்யென்பான்? சான்று தந்த நம்பிக்கை அன்று அது. பதவி தந்த நம்பிக்கை.

கனவு நனவாகத் தொடங்கியது. 1911-ல் ‘கிழக்கின் விண்மீன்’ சங்கம் எழுந்தது. பல நாடுகளில் உறுப்பினர் சேர்ந்தனர். ஹாலந்திலே ஒரு பிரபு தம் மாளிகையையும் நிலத்தையும் அளித்தார். மைந்தர் இருவரையும் 1910-ல் அன்னி பெசன்ட் அம்மையாரிடம் ஒப்படைத்த தந்தை, 1912-ல் அவர்களை மீட்க வழக்குத் தொடுத்தார். 1913-ல் சென்னை உயர்நீதிமன்றம் தந்தைக்கே உரிமை என்றது. 1914-ல் லண்டன் பிரிவி கவுன்சில் அத்தீர்ப்பை மாற்றியது. தந்தை பிள்ளைகளை இழந்தார். குதூமி எந்தக் கூண்டிலும் ஏறிச் சாட்சி சொல்லவில்லை!

1925 நவம்பர். காசநோயுற்ற தம்பி நித்யானந்தனை முனிவர்கள் காப்பர் என்று கிருஷ்ணமூர்த்தி உறுதியாக நம்பினார். அவர் இந்தியா நோக்கிக் கப்பலில் வருகையில், தம்பி கலிபோர்னியாவில் மாண்ட செய்தி வந்தது. கனவு கொடுத்த வாக்கைச் சாவு மதிக்கவில்லை.

நான்காண்டுகள் கழிந்தன. 1929 ஆகஸ்டு 3-ஆம் நாள், ஹாலந்தின் ஒம்மனில், பெசன்ட் அம்மையார் முன்னிலையில், மூவாயிரம் பேருக்கு மேல் கூடியிருந்த அவையில், தம்மைத் தலைவராகக் கொண்ட சங்கத்தைக் கிருஷ்ணமூர்த்தி கலைத்தார். மாளிகையும் நிலமும் உரியவருக்கே திரும்பின. அவர் பின்னாளில் பேசியவை அனைத்தையும் நாம் ஏற்கவேண்டுவதில்லை. ஆயினும், கடவுள் நாற்காலியில் அமர்த்தப்பட்ட மனிதன் தானே எழுந்து, நாற்காலியையும் உடைத்தெறிந்த காட்சி உலக வரலாற்றிலே அரிது.

அடையாறு செல்லும் தோழர்கள் சபைத் தோட்டத்து ஆலமரத்தைக் காணுங்கள். 1925 டிசம்பரில் உலக ஆசான் பேசிவிட்டார் என்று மக்கள் மெய்சிலிர்த்தது அதன் நிழலிலேதான். அதன் அடிமரம் 1989-ல் புயலிலே சாய்ந்தது; விழுதுகள் நிற்கின்றன. மூடநம்பிக்கையும் அத்தகையதே! மூலம் சாய்ந்தபின்னும் விழுதூன்றி நிற்கும். இன்றும் கனவிலே கட்டளை பெற்றோர் காணிக்கை கேட்டு வருகின்றனர். படிப்பு மட்டும் நம்மைக் காத்துவிடாது. கேட்கவேண்டியவை இரண்டே கேள்விகள்: உறங்கியவன் கண்டதற்கு விழித்திருந்த சாட்சி யார்? நம்புவோருக்கு இக்கதை தரும் பதவி என்ன?