வாடகை வீட்டில் இருக்க முடியாமல் போனால் காப்புறுதி எதுவரை கைகொடுக்கும்?

வெள்ளமோ தீயோ வந்து வாடகை வீட்டை விட்டு வெளியேறும் குடும்பத்துக்கு முதல் சில நாள்கள் உதவிக்குக் குறைவிருப்பதில்லை. நிவாரண மையம் திறக்கிறது, கோயில் மண்டபத்தில் சாப்பாடு கிடைக்கிறது, உறவினர்கள் வந்து அழைத்துப் போகிறார்கள். சிக்கல் தொடங்குவது அடுத்த மாத முதல் தேதியில். வீட்டுச் சுவர் இன்னும் காயவில்லை, மின்சாரம் பாதுகாப்பாக இல்லை. ஆனால் வீட்டுக்காரர் வாடகை கேட்கிறார். தற்காலிகமாகப் பிடித்த அறைக்கும் பணம் கட்ட வேண்டும். ஒரு சம்பளத்தில் இரண்டு வாடகை.

அப்போதுதான் "வீட்டுக்குக் காப்புறுதி இருக்கிறதே, அதில் கிடைக்காதா?" என்ற கேள்வி எழுகிறது. வீட்டுக்குக் காப்புறுதி இருக்கலாம். ஆனால் அது வீட்டுக்காரரின் காப்புறுதி. வாடகைக்கு இருப்பவரின் கட்டில், அலமாரி, பிள்ளைகளின் பள்ளிப் புத்தகம் எதற்கும் அதிலிருந்து ஒரு சென் வராது. மாற்று வீட்டு வாடகையும் வராது.

மலேசியாவில் வீட்டுக் காப்புறுதி பொதுவாக மூன்று வகைகளில் விற்கப்படுகிறது. முதலாவது அடிப்படைத் தீ காப்புறுதி. தீ, மின்னல், சமையல் எரிவாயு வெடிப்பு ஆகியவற்றோடு அது நின்றுவிடும். வங்கிக் கடனில் வீடு வாங்கியவர்கள் பலரிடம் இருப்பது இது மட்டும்தான். இரண்டாவது 'ஹவுஸ்ஓனர்' பாலிசி. கட்டடத்துக்கு வெள்ளம், புயல்காற்று, குழாய் உடைப்பு போன்றவற்றையும் சேர்த்துக் காப்பளிப்பது. மூன்றாவது 'ஹவுஸ்ஹோல்டர்' பாலிசி. இது வீட்டுக்குள் இருக்கும் பொருள்களுக்கானது. பெயரில் 'ஹவுஸ்' என்று இருப்பதால் வீடு சொந்தமாக இருந்தால்தான் எடுக்கலாம் என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். அப்படியில்லை. வாடகைக்கு இருப்பவர் எடுக்க வேண்டியது இந்த மூன்றாவதைத்தான். இதையே தக்காஃபுல் நிறுவனங்களும் தருகின்றன. முஸ்லிம் அல்லாதவர்களும் அதில் சேரலாம்.

அடுக்குமாடியில் இருப்பவர்களுக்கு இன்னொரு குழப்பம் உண்டு. 2013ஆம் ஆண்டு ஸ்ட்ராட்டா நிர்வாகச் சட்டத்தின்படி, கட்டடத்துக்கு நிர்வாகக் கழகம் காப்புறுதி எடுத்திருக்க வேண்டும். மாதாமாதம் கட்டும் பராமரிப்புக் கட்டணத்தில் அதுவும் அடங்கும். ஆனால் அந்தப் பாலிசி கட்டடத்தோடு முடிந்துவிடும். மேல்மாடிக் குழாய் உடைந்து உங்கள் தொலைக்காட்சி நனைந்தால் அது உங்கள் பாடுதான்.

பத்து விழுக்காடு என்ற வரி

ஹவுஸ்ஹோல்டர் பாலிசியை எடுப்பவர்கள் பொருள்களுக்காகத்தான் எடுக்கிறார்கள். அதற்குள் அதிகம் பேர் படிக்காத ஒரு பகுதி இருக்கிறது. காப்பளிக்கப்பட்ட ஆபத்து ஒன்றினால் வீடு குடியிருக்க முடியாதபடி சேதமடைந்தால், மாற்றுத் தங்குமிடத்துக்கு ஆகும் நியாயமான கூடுதல் செலவை நிறுவனம் ஏற்கும். இதற்கான உச்சவரம்பு வழக்கமாக மொத்தக் காப்புறுதித் தொகையில் 10 விழுக்காடு.

இந்த 10 விழுக்காட்டைக் கொஞ்சம் நின்று கவனிக்க வேண்டும். பிரீமியம் குறையட்டும் என்று வீட்டுப் பொருள்களை 10,000 ரிங்கிட்டுக்கு மட்டும் காப்புறுதி செய்தால், தங்குமிடத்துக்குக் கிடைக்கக்கூடியது ஆக மொத்தம் 1,000 ரிங்கிட். கிள்ளானிலோ ஷா ஆலாமிலோ ஒரு மாத வாடகைக்கே அது போதாமல் போகலாம். அதே பொருள்களை உண்மை மதிப்பான 40,000 ரிங்கிட்டுக்குக் காப்புறுதி செய்திருந்தால் தங்குமிடப் பணம் 4,000 வரை போகும். தொகையைக் குறைத்துப் போடும்போது இரண்டு இடத்தில் இழக்கிறோம் என்பது பாலிசி விற்கும்போது யாரும் எடுத்துச் சொல்லாத சங்கதி.

அடுத்து, 'கூடுதல் செலவு' என்ற சொல். ஓர் உதாரணம் பார்ப்போம். ஒரு குடும்பம் மாதம் 900 ரிங்கிட் வாடகை கட்டுகிறது. தீயினால் வெளியேறி 1,200 ரிங்கிட் வாடகைக்கு வேறிடம் போகிறது. பழைய வீட்டு வாடகை நின்றுவிட்டால் கூடுதல் செலவு மாதம் 300 தான். பழைய வாடகையையும் தொடர்ந்து கட்ட வேண்டியிருந்தால் முழு 1,200 ரிங்கிட்டும் கூடுதல் செலவாகிறது. ஆகவே இழப்பீட்டுக் கணக்கு காப்புறுதிப் பத்திரத்தில் மட்டும் இல்லை, வாடகை ஒப்பந்தத்திலும் பாதி இருக்கிறது.

நம் நாட்டில் குடியிருப்பு வாடகைக்கென்று தனிச் சட்டம் பல ஆண்டுகளாகப் பேச்சில் இருக்கிறது. இன்றைய நிலையில் வாடகைதாரருக்கும் வீட்டுக்காரருக்கும் இடையே பெரும்பாலும் ஒப்பந்தம்தான் பேசுகிறது. முறையாக எழுதப்பட்ட பல ஒப்பந்தங்களில், தீ அல்லது வெள்ளத்தால் வீடு குடியிருக்கத் தகுதியற்றுப் போனால் சரிசெய்யும் வரை வாடகை நிறுத்தப்படும் என்றும், குறிப்பிட்ட காலத்துக்குள் சரிசெய்யாவிட்டால் இரு தரப்பும் விலகலாம் என்றும் ஒரு விதி இருக்கும். கடையில் வாங்கிய அச்சுப் படிவத்திலும் வாய்ப்பேச்சு வாடகையிலும் அது இருப்பதில்லை. கையெழுத்திடும் முன் அந்த வரியைக் கேட்டு எழுத வைப்பதற்குச் செலவு ஏதும் இல்லை. இரண்டு மாத வைப்புத் தொகையைத் திரும்பப் பெறும் பேச்சிலும் அது உதவும்.

உறவினர் வீட்டில் தங்குவோருக்கு ஒரு வார்த்தை. அக்கா வீட்டில் மூன்று வாரம் இருந்தால் ரசீது இருக்காது. ரசீது இல்லாத செலவை நிறுவனத்திடம் கேட்க முடியாது. அக்காவிடம் ரசீது கேட்பதும் நம் வழக்கமில்லை. அதனால் அந்தப் பணத்தை நம்பித் திட்டமிட வேண்டாம். விடுதியிலோ வாடகை அறையிலோ தங்கினால் முதல் நாளிலிருந்து ரசீதுகளை எடுத்து வையுங்கள். வெளிச்சாப்பாட்டுச் செலவு, பள்ளி பஸ் மாற்றிய செலவு போன்றவை பொதுவாக இதில் சேர்வதில்லை.

எதனால் இருக்க முடியாமல் போனது?

நிறுவனம் முதலில் கேட்பது இதைத்தான். வீட்டில் இருக்க முடியவில்லை என்பது மட்டும் போதாது. பாலிசியில் பெயர் குறிப்பிட்ட ஓர் ஆபத்தினால் வீடு சேதமடைந்திருக்க வேண்டும். தீ, மின்னல், வெடிப்பு, வாகனம் மோதுதல், நீர்த்தொட்டி அல்லது குழாய் வெடித்தல், புயல்காற்று, வெள்ளம் ஆகியவை வழக்கமான பட்டியலில் வரும்.

தண்ணீர் விநியோகம் ஒரு வாரம் தடைப்பட்டால், புகைமூட்டத்தால் மூச்சுத் திணறினால், கரையான் அரித்துக் கூரை தொங்கினால், வீட்டுக்காரர் பழுது பார்க்காமல் விட்டால் இந்தப் பாலிசி பேசாது. அண்டை வீட்டில் தீப்பிடித்து உங்களை வெளியேற்றி, உங்கள் வீடு சேதமில்லாமல் தப்பியிருந்தாலும் பணம் கிடைப்பது சந்தேகம்தான்.

மண்சரிவை மறக்க வேண்டாம். வெள்ளத்துக்குக் காப்பளிக்கும் பாலிசியே மண்சரிவையும் நிலம் உள்வாங்குவதையும் வழக்கமாக விலக்கிவைக்கிறது. கனத்த மழையில் இரண்டும் சேர்ந்தே வரும் என்பது மேட்டில் குடியிருப்பவர்களுக்குத் தெரியும். கூடுதல் பிரீமியம் கட்டித்தான் அதைச் சேர்க்க வேண்டும்.

வெள்ளத்துக்கு இன்னொரு நிபந்தனை உண்டு. இழப்பின் முதல் பகுதியை நாமே ஏற்க வேண்டும். வழக்கமாக அது காப்புறுதித் தொகையில் 1 விழுக்காடு அல்லது 2,000 ரிங்கிட், இரண்டில் குறைவானது. 40,000 ரிங்கிட் பாலிசிக்கு 400 ரிங்கிட். வாடகைதாரருக்கு இது பெரிய சுமையில்லை.

2021 டிசம்பர் வெள்ளத்தில் தாமான் ஸ்ரீ மூடா தெருக்களில் மலையாகக் குவிந்த மெத்தைகளையும் சோபாக்களையும் பார்த்தவர்களுக்கு இதன் பொருள் விளங்கும். 2021 இறுதி வெள்ளத்தின் மொத்த இழப்பு 610 கோடி ரிங்கிட் என்று புள்ளிவிவரத் துறை கணக்கிட்டது. பாதிக்கப்பட்ட குடும்பத்துக்கு அரசு தந்த வாங் இஹ்சான் உதவி 1,000 ரிங்கிட். அது உதவித்தொகை, இழப்பீடு அல்ல. ஒரு குளிர்பதனப் பெட்டிக்கே அது போதாது.

தண்ணீர் வாசலுக்கு வந்தபின் எடுக்கும் பாலிசி அந்த வெள்ளத்துக்கு உதவாது. வடகிழக்குப் பருவமழை நவம்பரில் தொடங்கும். அதற்கு முன்பே எடுத்திருக்க வேண்டும். முன்பு வெள்ளம் வந்ததா என்று விண்ணப்பத்தில் கேட்டால் மறைக்காதீர்கள். தவறான பதில் பிறகு இழப்பீட்டை மறுக்கவோ குறைக்கவோ காரணமாகும்.

நகை, பழைய பொருள், அறைத் தோழர்

பொருள்களின் மதிப்பைப் போடும்போது ஒரு மாலை உட்கார்ந்து அறை அறையாக எழுதுங்கள். பெரும்பாலான வீடுகளில் கூட்டுத்தொகை நினைத்ததைவிட அதிகமாக வரும். குறைத்துப் போட்டால் பல பாலிசிகளில் விகிதக் கணக்கு செயல்படும். 40,000 ரிங்கிட் பொருளை 20,000க்குக் காப்புறுதி செய்தவருக்கு 10,000 ரிங்கிட் சேதம் ஏற்பட்டால் கிடைப்பது 5,000 தான்.

தங்க நகைக்குத் தனி வரம்பு உண்டு. வழக்கமான பாலிசியில் தங்கம், வெள்ளி, நகை எல்லாம் சேர்த்து மொத்தத் தொகையில் மூன்றில் ஒரு பங்கைத் தாண்டாது. தனியாகக் குறிப்பிடாத ஒற்றைப் பொருளுக்கு 5 விழுக்காடுதான் எல்லை. 40,000 ரிங்கிட் பாலிசியில் தாலிக்கொடிக்கு 2,000 ரிங்கிட்டுக்கு மேல் வராது என்று பொருள். நகை இருந்தால் பெயர் குறிப்பிட்டுப் பதியச் சொல்லுங்கள். இன்றைய தங்க விலையில் இதை அசட்டை செய்ய முடியாது. அதோடு, பழைய பொருளுக்குத் தேய்மானம் கழித்துத் தருவார்களா, புதிய பொருளின் விலை தருவார்களா என்றும் கேளுங்கள்.

திருட்டு என்றால் உடைத்து நுழைந்த அடையாளம் இருக்க வேண்டும். வெள்ளத்தில் கதவைத் திறந்துபோட்டு ஓடிய வீட்டில் பொருள் போனால் நிரூபிப்பது கடினம். வீடு தொடர்ந்து 90 நாளுக்கு மேல் ஆளில்லாமல் கிடந்தால் திருட்டுக் காப்பு நின்றுவிடும் என்ற விதியும் வழக்கத்தில் இருக்கிறது. பழுதுவேலை மூன்று மாதத்தைத் தாண்டினால் நிறுவனத்திடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

பாலிசி ஒரு முகவரிக்கும் ஒரு குடும்பத்துக்கும் உரியது. அறை பகிர்ந்து தங்கும் இளைஞர்களில் ஒருவர் எடுத்தால் மற்றவரின் மடிக்கணினிக்கு அது பொருந்தாது.

தீ உங்கள் பக்கத்திலிருந்து கிளம்பியிருந்தால், சாமி விளக்கோ நீட்டிப்புக் கம்பியோ காரணமாக இருந்தால், வீட்டுக்காரரோ அவருடைய காப்புறுதி நிறுவனமோ உங்களிடம் நஷ்டம் கேட்க வாய்ப்புண்டு. ஹவுஸ்ஹோல்டர் பாலிசியில் மூன்றாம் தரப்புப் பொறுப்புக்கு ஒரு தொகை இருக்கும். ஆனால் நீங்கள் குடியிருக்கும் வீட்டுக்கே ஏற்படும் சேதம் அதில் அடங்குமா என்பது பாலிசிக்குப் பாலிசி மாறும். முகவரிடம் இந்த ஒரு கேள்வியையாவது எழுத்தில் கேட்டுப் பதில் வாங்குங்கள்.

தோட்ட வீடும் பிபிஆர் வீடும்

தோட்டத் தொழிலாளர்களின் குடியிருப்பு 446ஆவது சட்டத்தின் கீழ் வருகிறது. வீட்டின் தரத்துக்கு முதலாளி பொறுப்பு. அந்தப் பொறுப்பு தொழிலாளியின் தையல் இயந்திரம்வரை நீளாது. பழைய பலகை வீட்டு வரிசையில் ஒரு வீட்டில் பிடித்த தீ எவ்வளவு வேகமாக ஓடும் என்று தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அதே காரணத்தால் பலகை வீட்டுப் பொருள்களுக்குப் பிரீமியம் கல்வீட்டைவிடக் கூடும். சில நிறுவனங்கள் தயங்கவும் செய்யும். ஒன்று மறுத்தால் இன்னொன்றைக் கேட்டுப் பாருங்கள்.

மாதம் 124 ரிங்கிட் வாடகைக்கு பிபிஆர் வீட்டில் இருப்பவர்களின் நிலையும் இதுதான். கட்டடம் அரசாங்கத்தினுடையது, உள்ளே இருப்பது உங்களுடையது. வாடகை குறைவு என்பதால் உள்ளே இருக்கும் பொருளின் மதிப்பும் குறைவு என்று ஆகிவிடாது.

சம்பவம் நடந்தால்

நிறுவனத்துக்கு உடனே தெரிவியுங்கள். தீ என்றால் தீயணைப்புத் துறையின் அறிக்கையும் போலீஸ் புகாரும் தேவைப்படும். 'லாஸ் அட்ஜஸ்டர்' எனப்படும் சேத மதிப்பீட்டாளர் வந்து பார்க்கும்வரை பொருள்களை வீசாமல் இருப்பது நல்லது. ஆனால் வெள்ளத்துக்குப் பிறகு நாற்றம் தாங்காது, நகராட்சி லாரியும் காத்திருக்காது. வேறு வழியில்லாவிட்டால் ஒவ்வொரு பொருளையும், அதன் மாடல் எண்ணையும், சுவரில் தண்ணீர் நின்ற கோட்டையும் கைபேசியில் படமெடுத்துவிட்டு வீசுங்கள். வீடு குடியிருக்கத் தகுதியற்றது என்று வீட்டுக்காரர் ஒரு வாட்ஸ்அப் செய்தியில் ஒப்புக்கொண்டிருந்தாலும் அதைப் பத்திரப்படுத்துங்கள்.

நிறுவனம் மறுத்தால் முதலில் அதன் புகார்ப் பிரிவுக்கு எழுத்து மூலம் முறையிட வேண்டும். அங்கும் மறுத்தால், அல்லது 60 நாளில் பதில் வராவிட்டால், நிதிச் சந்தை குறைதீர்ப்பாளர் சேவையான எஃப்எம்ஓஎஸ் அமைப்பை அணுகலாம். முன்பு ஓஎஃப்எஸ் என்ற பெயரில் இருந்த அமைப்பே 2025 ஜனவரி 1 முதல் இவ்வாறு இயங்குகிறது. 250,000 ரிங்கிட் வரையிலான காப்புறுதி வழக்குகளை அது விசாரிக்கும். பயனீட்டாளருக்குக் கட்டணம் இல்லை, வழக்கறிஞரும் தேவையில்லை. நிறுவனத்தின் இறுதி முடிவுக் கடிதம் கிடைத்த ஆறு மாதத்துக்குள் மனு போய்ச் சேர வேண்டும். அந்தக் கடிதத்தின் தேதியை எங்காவது எழுதி வையுங்கள்.