கேக்கின் உச்சியில் ஒரு களாக்காய்

மயிலாப்பூர் மாட வீதிப் பக்கம், தி.நகர் பாண்டி பஜார், அடையாறு காந்தி நகர் என்று எந்த பேக்கரிக்குள் நுழைந்தாலும் கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு பிளாக் ஃபாரஸ்ட் இருக்கும். சாக்லேட் கேக் ஓர் அடுக்கு, வெள்ளை க்ரீம் ஓர் அடுக்கு, மறுபடி கேக், மறுபடி க்ரீம், மேலே சாக்லேட் துருவல், உச்சியில் சிவப்பாக ஒரு செர்ரி. பிறந்தநாள் வீடுகளில் குழந்தைகள் அந்தச் செர்ரிக்குத்தான் முதலில் கை நீட்டும். பெரும்பாலான கடைகளில் அது செர்ரியே இல்லை. நாம் ஊறுகாய் போடும் களாக்காய். டப்பாவில் விற்கும் செர்ரியின் பின்பக்கப் பொடி எழுத்தைப் படித்தால் ‘கரோண்டா’ என்றிருக்கும். வடக்கே களாக்காய்க்கு அதுதான் பெயர்.

வாயில் போட்டாலும் தெரிந்துவிடும். செர்ரிக்குள் இருப்பது ஒரே ஒரு கெட்டிக் கொட்டை. அதைக் குத்தித் தள்ளிய ஓட்டை பழத்தில் அப்படியே நிற்கும். களாக்காயில் பல சிறிய தட்டை விதைகள் உண்டு. எடுத்தது போக எப்போதாவது ஒன்று பல்லில் தட்டுப்படும். முள்செடியில் காய்க்கும் நம்மூர்க் காய் ஜெர்மன் கேக்கின் உச்சிக்குப் போன வழியில் ஒரு ரோமானியத் தளபதி, ஓர் அமெரிக்கப் பேராசிரியர், முட்டை ஒத்துக்கொள்ளாத ஓர் ஆங்கிலேயப் பெண்மணி எல்லோரும் நிற்கிறார்கள்.

தளபதியின் பெயர் லூகுல்லஸ். கி.மு. முதல் நூற்றாண்டில் பொந்தஸ் அரசன் மித்ரிடாட்டிஸோடு போரிடக் கருங்கடலின் தென்கரைக்குப் போனவர். இன்று துருக்கியில் கிரேசுன் என்ற பெயரில் இருக்கும் ஊர்ப் பக்கத்திலிருந்து செர்ரி மரத்தை அவர்தான் ரோமுக்குக் கொண்டுவந்தார் என்று எழுதிவைத்திருக்கிறார் ரோமானிய எழுத்தாளர் பிளினி. அடுத்த 120 ஆண்டுகளில் அது கடல் தாண்டி பிரிட்டன் வரை போய்விட்டதாம். காட்டுச் செர்ரி ஐரோப்பாவில் அதற்கு முன்பே இருந்தது என்கிறார்கள் தாவரவியலாளர்கள். அவர் கொண்டுவந்தது நல்ல தோட்ட ரகமாக இருக்கலாம். எப்படியானாலும் அவர் போரில் வென்றதைவிட இந்தப் பழத்துக்காகவும் அவர் வைத்த விருந்துகளுக்காகவும்தான் உலகம் அவரை நினைவில் வைத்திருக்கிறது.

செர்ரியின் குறை, அது நிற்காது. பறித்த சில நாட்களில் கெட்டுவிடும். அட்ரியாட்டிக் கடலோரத்து ஸதார் நகரத்தார் இதற்கு ஒரு வழி கண்டார்கள். அங்கே விளையும் மராஸ்கா என்ற சிறிய புளிப்புச் செர்ரியிலிருந்து மராஸ்கினோ என்ற மதுவை வடித்து, அதிலேயே பழத்தையும் ஊறப்போட்டார்கள். 1821-ல் ஜிரோலாமோ லுக்சார்தோ தொடங்கிய வடிசாலை இதில் பேர் போனது. ஐரோப்பாவின் பெரிய விடுதிகளிலிருந்து அமெரிக்க மதுக்கூடங்களுக்கு இந்தச் செர்ரி போய்ச் சேர்ந்ததும் போலிகள் புறப்பட்டன. வேறு ரகச் செர்ரியை வெளுத்து, சாயமும் சர்க்கரையும் ஏற்றி அதே பெயரில் விற்றார்கள். மராஸ்கா பழம் மராஸ்கினோ மதுவில் ஊறினால்தான் அந்தப் பெயர் என்று 1912-ல் அமெரிக்க அரசு கண்டிப்புக் காட்டியது. 1920-ல் அங்கே மதுவிலக்கு வந்தது. கடைசியில் போலிதான் வென்றது. 1940-ல் சாயமேற்றிய சர்க்கரைச் செர்ரிக்கே அந்தப் பெயரைச் சட்டம் கொடுத்துவிட்டது.

பேராசிரியர் இந்த இடைவெளியில் வருகிறார். ஆரிகன் மாநிலத்தில் வெளிர் மஞ்சள் செர்ரி ஏராளமாக விளைந்தது. உப்புநீரில் போட்டால் குழைந்து கூழானது. அங்குள்ள கல்லூரியில் இருந்த எர்னஸ்ட் வீகண்ட் 1920-களின் நடுவில் இதைக் கையிலெடுத்து, ஆறேழு ஆண்டு உழைத்து, உப்புநீரோடு கால்சியம் சேர்த்தால் பழம் விறைப்பாக நிற்கும் என்று நிறுவினார். பழத்தில் உள்ள பெக்டினைக் கால்சியம் இறுக்கிப் பிடித்துக்கொள்ளும், விஷயம் அவ்வளவுதான். ஆக்ராவில் பேட்டா என்ற இனிப்பைச் செய்பவர்களுக்கு இது புதிதல்ல. வெண்பூசணித் துண்டைச் சுண்ணாம்பு நீரில் ஊறவைத்துவிட்டுத்தான் அவர்கள் பாகில் போடுவார்கள்.

இந்தக் கதையின் திருப்பம் இங்கேதான் இருக்கிறது. வெளுத்த பழத்தில் நிறம் போயிற்று, மணம் போயிற்று, ருசியும் போயிற்று. மிஞ்சியது உருண்டை வடிவமும் கடிபடும் கெட்டித்தன்மையும். அந்த இரண்டும் உள்ள எந்தக் காயும் இனி செர்ரி ஆகலாம். பெக்டின் நிறைந்த, செர்ரி அளவேயுள்ள களாக்காய் அதற்குச் சரியாகப் பொருந்தியது. அரளி, நந்தியாவட்டை குடும்பத்துச் செடி. கிள்ளினால் பால் வடியும். காயைக் கீறி விதை எடுத்து, உப்புநீரில் போட்டு, வெளுத்து, சாயம் ஏற்றி, பாகின் கெட்டியைப் படிப்படியாகக் கூட்டி ஊறவைப்பார்கள். ஒரேயடியாகக் கெட்டிப் பாகில் போட்டால் காய் சுருங்கிவிடும்.

சாயம் பெரும்பாலும் எரித்ரோசின். புளிப்பில் கரையாமல் பழத்துக்குள்ளேயே தங்கிவிடும் குணம் அதற்கு உண்டு. அதனால்தான் வெள்ளை க்ரீமில் சிவப்பு வழிவதில்லை. ஐரோப்பிய நாடுகள் இந்தச் சாயத்தைப் பதப்படுத்திய செர்ரிக்கு மட்டும் அனுமதிக்கின்றன. இந்தியாவில் அனுமதிக்கப்பட்ட எட்டு செயற்கை நிறங்களில் இதுவும் ஒன்று. எலிகளில் புற்றுநோய் கண்ட பழைய ஆய்வுகளை வைத்து, 2025 ஜனவரியில் அமெரிக்கா இதன் அனுமதியை ரத்து செய்தது. அங்கே உணவு நிறுவனங்களுக்கு 2027 ஜனவரி வரை அவகாசம்.

செர்ரிக்குத் துணையாகக் கேக்கில் கிடக்கும் டூட்டி ஃப்ரூட்டியும் இப்படிப்பட்ட பயணிதான். அது பப்பாளிக்காய். நடு அமெரிக்காவிலிருந்து ஸ்பானியர்கள் பிலிப்பைன்ஸுக்கும், அங்கிருந்து வணிகர்கள் மலாக்கா வழியாக இந்தியாவுக்கும் கொண்டுவந்தது என்று 16-ஆம் நூற்றாண்டின் இறுதியில் டச்சுப் பயணி லின்ஸ்ஹோட்டன் எழுதினார்.

முட்டை ஒத்துக்கொள்ளாத பெண்மணி, பர்மிங்ஹாம் மருந்துக் கடைக்காரர் ஆல்ஃபிரட் பேர்டின் மனைவி. அவருக்கு ஈஸ்ட்டும் ஆகாது. மனைவிக்காக 1837-ல் முட்டையில்லாத கஸ்டர்ட் பவுடரையும், 1843-ல் ஈஸ்ட் வேண்டாத பேக்கிங் பவுடரையும் செய்தார் பேர்டு. சைவக் குடும்பங்கள் நிறைந்த மயிலாப்பூர் இந்தத் தம்பதிக்கு நன்றி சொல்ல வேண்டும். கல்யாண விருந்தின் ஃப்ரூட் சாலட் கஸ்டர்டும், முட்டையில்லாத கேக்கும் அவர்கள் அடுப்படிக்குக் கடன்பட்டவை.

மெட்ராஸ் வெள்ளைக்காரர்கள் சாப்பாட்டு மேசையில் ஸ்பாஞ்ச் கேக், பழம், கஸ்டர்ட் என்று அடுக்கிய ட்ரைஃபிளை பிளாக் ஃபாரஸ்டுக்கு முன்பே கண்டிருந்தார்கள். அவர்களுக்காக 1878-ல் மவுண்ட் ரோடு ஹிக்கின்பாதம்ஸ் வெளியிட்ட ‘கலினரி ஜாட்டிங்ஸ் ஃபார் மெட்ராஸ்’ நூலை எழுதியவர் கென்னி-ஹெர்பர்ட் என்ற ராணுவ அதிகாரி. வைவர்ன் என்பது அவருடைய புனைபெயர். சீமையிலிருந்து வரும் டப்பாக்களையே நம்பிக் கிடக்காதீர்கள், இங்கே சந்தையில் கிடைப்பதை வைத்து நன்றாகச் சமைக்கலாம் என்று அவர் வாதாடினார். ஒன்றரை நூற்றாண்டு ஆகியும் அந்த வாதம் பழசாகவில்லை.

பிளாக் ஃபாரஸ்ட் பேர்டுக்கும் வைவர்னுக்கும் பிறகு வந்தது. பான் நகருக்குப் பக்கத்தில் பாட் கோடஸ்பெர்க்கில் 1915-ல் தானே அதை முதலில் செய்ததாக யோசஃப் கெல்லர் என்ற இனிப்புக்காரர் உரிமை கொண்டாடினார். எழுத்தில் அந்தக் கேக் தலைகாட்டுவது 1934-ல். புளிப்புச் செர்ரி, பால் க்ரீம், செர்ரியிலிருந்து வடித்த கிர்ஷ் என்ற மது, மூன்றும் அதன் உயிர். நம் கேக்கில் மூன்றுமே மாறிப்போயின. செர்ரி இடத்தில் களாக்காய், கிர்ஷ் இடத்தில் சர்க்கரைப் பாகு. சென்னை வெயிலில் பால் க்ரீம் இளகிவிடும் என்பதால் தாவரக் கொழுப்பு க்ரீம். அதுவும் ஒரு விபத்தில் வந்ததுதான். 1945-ல் பஃபலோ நகரத்து ராபர்ட் ரிச் சோயா க்ரீமை உலர்பனியில் சுற்றி ரயிலில் எடுத்துப் போனார். இறங்கிப் பார்த்தால் கல்லாக உறைந்திருந்தது. வேறு வழியில்லாமல் வெட்டி எடுத்து அடித்தார். அழகாக நுரைத்து நின்றது. 1989-ல் எம். மகாதேவன் சென்னையில் தொடங்கிய ஹாட் பிரெட்ஸ் போன்ற கடைகள் ஐரோப்பிய பாணி பேக்கரியை நடுத்தரக் குடும்பங்களுக்குப் பழக்கியபோது, இந்தக் கேக்குகள் வார இறுதிப் பலகாரம் ஆயின.

வீட்டுக் கேக்கின் வழி வேறு. பிட்ஸ்பர்க்கில் டஃப் கம்பெனியிடம் கரும்புப் பாகு மிஞ்சிக் கிடந்தது. அதை மாவோடு சேர்த்து உலர்த்திய பொடிக்கு 1930-களில் காப்புரிமை வாங்கினார்கள். அதுதான் கேக் மிக்ஸ். இல்லத்தரசிகள் தாங்களே முட்டை உடைத்து ஊற்ற விரும்புகிறார்கள் என்று அடுத்த காப்புரிமையில் முட்டைப் பொடியை விட்டுவிட்டார்கள். அங்கே முட்டை சேர்க்கச் சொன்னதால் ஏற்றுக்கொண்ட அதே பொருள், இங்கே ‘முட்டை சேராதது’ என்ற பச்சைப் புள்ளியோடு மளிகைக் கடைக்கு வந்தது. 1951-ல் டங்கன் ஹைன்ஸ் என்பவர் பெயரிலும் ஒரு மிக்ஸ் வந்தது. அவர் கேக் செய்பவரே அல்ல. ஊர் ஊராகப் போன விற்பனையாளர், எந்த ஊரில் எந்தச் சாப்பாட்டுக்கடை நல்லது என்று பட்டியல் போட்டுப் புகழ்பெற்றவர். கேக் மிக்ஸ் பரவிய பிறகு அமெரிக்க வீடுகளில் டம்ப் கேக் பிரபலமாயிற்று. தட்டில் செர்ரி, அன்னாசி, அதன் மேல் கலக்காத கேக் மிக்ஸ், மேலே வெண்ணெய். கிளறக்கூடாது. பழச்சாறு கீழிருந்து கொதித்து மாவை நனைக்கும். வெண்ணெய் மேலிருந்து முறுக வைக்கும்.

ஓவன் இல்லாத வீட்டில் குக்கர் ஓவனாயிற்று. 1679-ல் டெனி பப்பன் லண்டனில் எலும்பை மிருதுவாக்கச் செய்த கருவியின் வாரிசு அது. அதை இந்தியச் சமையலறைகளுக்குக் கொண்டுவந்தவற்றில் டி.டி.கே. நிறுவனம் முக்கியமானது. அதன் நிறுவனர் டி.டி.கிருஷ்ணமாச்சாரியின் பெயரில்தான் ஆழ்வார்பேட்டையின் டி.டி.கே. சாலை இருக்கிறது. கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றி, அடியில் மணலோ கல் உப்போ பரப்பி, ஒரு ஸ்டாண்டு வைத்து, மேலே கேக் டின். அழுத்தத்துக்கென்று பிறந்த பாத்திரம் அழுத்தமே இல்லாமல் வேலை செய்யும். மில்க்மெய்ட் ஊற்றிச் செய்த அந்தக் கேக்கின் அடி லேசாகக் கருகி மணக்கும். சென்னை வீட்டுக் கேக்கின் அடையாளமே அதுதான் என்பேன்.

இத்தனை தூரம் வந்த கேக்கில் களாக்காயை மட்டும் நிறம் கெடுத்து, ருசி கெடுத்து வைத்திருப்பதுதான் எனக்கு வருத்தம். களா நமக்கு அந்நியமே இல்லை. அதன் நெருங்கிய உறவான சிறுகளா கிண்டிக் காட்டில் புதராக வளர்கிறது. கனிந்த களாவின் கருஞ்சிவப்புச் சாறுக்கு எந்தச் சாயமும் ஈடாகாது. அதன் புளிப்பு, பிளாக் ஃபாரஸ்டின் புளிப்புச் செர்ரிக்கு மிக அருகில் நிற்கிறது.

மாட வீதித் தள்ளுவண்டியில் களாக்காய் வரும்போது நன்றாகக் கனிந்ததாக அரைக் கிலோ வாங்குங்கள். கீறி விதை எடுத்து, உப்பு நீரில் அலசிப் பாலை நீக்குங்கள். கால் கிலோ சர்க்கரையும் ஒரு டம்ளர் தண்ணீரும் விட்டு வேகவையுங்கள். அதைத் தட்டில் பரப்பி, அன்னாசித் துண்டுகளைச் சாறோடு சேர்த்து, மேலே ஒரு பாக்கெட் வெனிலா கேக் மிக்ஸைத் தூவி, உருக்கிய வெண்ணெயை எல்லா இடத்திலும் படும்படி ஊற்றி, 180 டிகிரியில் முக்கால் மணி நேரம் வையுங்கள். சூடாக, ஐஸ்க்ரீமோடு பரிமாறுங்கள். குழந்தைகள் கேட்டால், இது களாக்காய் என்றே சொல்லுங்கள்.