மென்திசு அந்நியப் பொருள் கிரானுலோமா: நோயறிதல் குறியீடு

மென்திசு அந்நியப் பொருள் கிரானுலோமா என்பது, உடலுக்குள் புகுந்து தங்கிவிட்ட வெளிப்பொருளைச் சுற்றித் தசை முதலான மென்திசுக்களில் உருவாகும் நாட்பட்ட அழற்சிக் கட்டி. உலக சுகாதார நிறுவனத்தின் பன்னாட்டு நோய் வகைப்பாட்டுப் பத்தாம் திருத்தத்தில் (ஐ.சி.டி.-10) இதற்குரிய குறியீடு எம்60.2. தசை, எலும்பு, இணைப்புத்திசு நோய்களுக்கான பதின்மூன்றாம் அத்தியாயத்தில், தசை அழற்சியைக் குறிக்கும் எம்60 வகையின்கீழ் இது இடம்பெறுகிறது. பொருள் எந்த ஆழத்தில் உள்ளது, உடல் அதற்கு எதிர்வினை காட்டியதா, அது எவ்வழியாக உள்ளே வந்தது ஆகிய மூன்றையும் பொறுத்துக் குறியீடு மாறும்.

நோயின் இயல்பு

மரச்சிராய், முள், கண்ணாடித் துண்டு, உலோகத் துகள், சிலிக்கோன் போன்றவற்றை உடலால் எளிதில் கரைக்க முடியாது. மேக்ரோஃபேஜ் எனப்படும் விழுங்கு செல்கள் அவற்றைச் சூழ்ந்துகொள்ளும். விழுங்க முடியாத அளவுக்குப் பொருள் பெரிதானால், அச்செல்கள் ஒன்றோடொன்று இணைந்து பல உட்கருக்களைக் கொண்ட ராட்சதச் செல்களாகும். காசநோயில் காணப்படும் லாங்கான்ஸ் செல்லில் உட்கருக்கள் குதிரைலாட வடிவில் ஓரமாக அமைந்திருக்கும்; அந்நியப் பொருள் ராட்சதச் செல்லில் அவை ஒழுங்கின்றிச் சிதறிக் கிடக்கும். முனைவாக்கிய ஒளியில் பார்த்தால் மரம், டால்க், பலவகைத் தையல் நூல்கள் ஆகியவை பளிச்சிடும்.

உலோகமும் பெரும்பாலான கண்ணாடியும் எக்ஸ்ரேயில் தெரியும். மரமும் பிளாஸ்டிக்கும் பெரும்பாலும் தெரியாது. அவற்றைத் தேட அல்ட்ராசவுண்ட் உதவும். ஆகவே எக்ஸ்ரேயில் ஒன்றும் தெரியவில்லை என்பதால் உள்ளே ஒன்றும் இல்லை என்று ஆகிவிடாது.

குறியீட்டின் அமைப்பு

அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் உள்ள ஐ.சி.டி.-10-சி.எம். பதிப்பு, எம்60.2-ஐ உடற்பகுதி வாரியாகப் பிரிக்கிறது. எம்60.21 தோள், எம்60.22 மேற்கை, எம்60.23 முன்கை, எம்60.24 கை, எம்60.25 தொடை, எம்60.26 கீழ்க்கால், எம்60.27 கணுக்காலும் பாதமும், எம்60.28 பிற இடம். கை, கால், தோள் ஆகியவற்றுக்கு ஆறாவது எழுத்துருவும் உண்டு: வலப்புறம் 1, இடப்புறம் 2, பக்கம் குறிப்பிடப்படாவிட்டால் 9. இடமே குறிப்பிடப்படாவிட்டால் எம்60.20.

தங்கியுள்ள பொருளின் வகையை இசட்18 தொகுதியிலிருந்து கூடுதல் குறியீடாகச் சேர்க்க வேண்டும். உலோகம் இசட்18.1, பிளாஸ்டிக் இசட்18.2, மரம் இசட்18.33, கண்ணாடி இசட்18.81.

குழப்பம் தரும் அண்டைக் குறியீடுகள்

எல்92.3: தோலிலோ தோலடித் திசுவிலோ உண்டான அந்நியப் பொருள் கிரானுலோமா. ஒரே கட்டிக்கு இதையும் எம்60.2-ஐயும் சேர்த்துப் போடக் கூடாது.

எம்79.5: மென்திசுவில் பொருள் தங்கியிருக்கிறது, ஆனால் கிரானுலோமா இல்லை.

டி81.5, டி81.6: அறுவை முதலான சிகிச்சையின்போது தவறுதலாக உள்ளே விடப்பட்ட பொருளால் வந்த சிக்கல்கள். முதலாவது ஒட்டுத்திசு, அடைப்பு, துளை போன்றவற்றுக்கும், இரண்டாவது உடனடி எதிர்வினைக்கும் உரியது.

எஸ் வரிசை: புதிதாக ஏற்பட்ட திறந்த காயங்கள். பொருள் குத்தி உள்ளே நிற்கும் வலது கைக் காயத்துக்கு முதற்கட்டச் சிகிச்சையில் எஸ்61.441ஏ.

ஓர் எடுத்துக்காட்டு

ஒரு தச்சரின் வலது கையில் மரச்சிராய் ஏறி, புண் ஆறிய பல வாரங்களுக்குப் பின் பெருவிரல் மேட்டுத் தசைக்குள் கட்டி தோன்றுகிறது. புறநோயாளியாக வந்தவரைப் பார்த்த மருத்துவர் ‘கிரானுலோமாவாக இருக்கலாம்’ என்று மட்டும் எழுதினால், எம்60.2 போட முடியாது. புறநோயாளிப் பதிவில் ஐயத்துக்குரிய நோயை உறுதியானதாகக் குறிக்கக் கூடாது என்பது அமெரிக்க வழிகாட்டு விதி. அப்போது கட்டியை மட்டும் குறிக்கும் ஆர்22.31 பொருந்தும். மரத்துண்டைச் சுற்றி அந்நியப் பொருள் கிரானுலோமா தசைக்குள் இருப்பது உறுதியானால் எம்60.241, கூடவே இசட்18.33. அதே கட்டி தோலடியில் மட்டும் இருந்தால் எல்92.3. வலதா இடதா என்று எழுதப்படாவிட்டால் எம்60.249.

வரலாறு

நோய் வகைப்பாட்டின் வேர், ஜாக் பெர்த்தியோன் 1893-இல் பன்னாட்டுப் புள்ளியியல் கழகத்தின் சிகாகோ கூட்டத்தில் முன்வைத்த இறப்புக் காரணப் பட்டியலில் உள்ளது. 1948-இல் வெளிவந்த ஆறாம் திருத்தத்திலிருந்து உலக சுகாதார நிறுவனம் அதன் பொறுப்பை ஏற்றது. பத்தாம் திருத்தம் 1990-இல் ஏற்கப்பட்டு, 1994 முதல் உறுப்பு நாடுகளில் பயன்பாட்டுக்கு வந்தது. அமெரிக்காவின் முந்தைய ஐ.சி.டி.-9-சி.எம். பதிப்பில் தசையின் அந்நியப் பொருள் கிரானுலோமாவுக்கு 728.82 என்ற ஒரே எண்தான். இடமும் வலமும் அதில் இல்லை. பதினோராம் திருத்தம் 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது.

பயன்பாடு

நோய்ப் புள்ளிவிவரம், மருத்துவ ஆய்வு, காப்பீட்டுக் கோரிக்கை ஆகிய மூன்றுக்கும் இக்குறியீடே அடிப்படை. அமெரிக்க மருத்துவமனைகளின் பதிவுகளுக்குக் குறியீடு இடும் பணி சென்னை உள்ளிட்ட இந்திய நகரங்களில் பெரிய அளவில் நடக்கிறது. மெடிக்கல் கோடர் முதலில் அகரவரிசை அட்டவணையில் ‘கிரானுலோமா, அந்நியப் பொருள்’ என்று தேடி, பின்னர் குறியீட்டுப் பட்டியலில் விலக்குக் குறிப்புகளைப் படித்து உறுதிசெய்ய வேண்டும். அட்டவணையை மட்டும் பார்த்து நிறுத்துவது ஆபத்தானது. பதிவில் இல்லாத ஆழத்தையோ பக்கத்தையோ கோடர் தாமாக ஊகிக்கக் கூடாது. மருத்துவரிடம் கேட்டே தெளிவுபெற வேண்டும். பொருள் எது, எந்த அடுக்கில், எந்தப் பக்கம், எப்படிப் புகுந்தது, கிரானுலோமா உறுதியானதா என்னும் ஐந்தையும் மருத்துவர் தம் குறிப்பில் எழுதிவிட்டால், நோயாளியின் பதிவு சரியான குறியீட்டைப் பெறும்.