பக்கவாட்டு வெளிச்சமும் உப்பளத்துக் கண்களும்

கண்ணின் வெள்ளைப் பகுதியிலிருந்து கருவிழி மீது முக்கோண வடிவில் ஏறி வரும் சதையை மருத்துவர்கள் டெரிஜியம் என்பார்கள். அது புற்றுநோய் அல்ல. உயிருக்கு ஆபத்தும் இல்லை. அதனாலேயே ‘கண்ணில் சதை வளருது’ என்று வருகிறவரின் குறை பெரும்பாலும் வயதின் கணக்கிலோ வெயிலின் கணக்கிலோ எழுதப்பட்டுவிடுகிறது. உப்பளத்திலும் கடலிலும் உழைப்போரிடம் காணப்படும் டெரிஜியத்தைத் தொழில்நோயாகவே கருத வேண்டும் என்பது இக்கட்டுரையின் வாதம். அதற்கான முதல் சான்று, சதை முளைக்கும் இடம்.

டெரிஜியம் பெரும்பாலும் மூக்கை ஒட்டிய பக்கத்தில்தான் தோன்றுகிறது. வெயில் முகம் முழுவதும் விழும்போது இந்த ஓரவஞ்சனை ஏன்? சிட்னியின் கண் மருத்துவர் மினாஸ் கொரோனியோ 1993இல் இதற்கு ஒரு விளக்கம் தந்தார். பொட்டுப் பக்கத்திலிருந்து சாய்ந்து வரும் ஒளியைக் கருவிழியின் வளைவு ஒரு வில்லையைப் போலக் குவித்து, கண்ணின் முன்னறை வழியாக எதிர்ப்பக்க விளிம்புக்குச் செலுத்துகிறது. அங்கே ஒளியின் செறிவு ஏறத்தாழ 20 மடங்கு வரை கூடலாம் என்று அவருடைய குழுவினர் கணக்கிட்டனர். மறுதிசையிலிருந்து வரும் ஒளியை மூக்கு மறைத்துவிடுகிறது. குவியும் அந்த விளிம்பில்தான் கருவிழிப் படலத்தைப் புதுப்பிக்கும் குருத்தணுக்கள் இருக்கின்றன. அவை இயல்பாக வெண்சவ்வைக் கருவிழி மீது ஏறவிடாமல் தடுத்து நிற்பவை. புற ஊதாக் கதிரால் அவை பழுதுபடும்போது அந்த வேலி தளர்கிறது. இரத்தக் குழாய்களோடு சவ்வு உள்ளே நுழைகிறது. அறுத்தெடுத்த சதையை நுண்ணோக்கியில் பார்த்தால், வெயிலில் முதிர்ந்த தோலில் காணும் அதே நார்ச் சிதைவு தெரியும்.

உப்பளத்தில் ஒளி மேலிருந்து மட்டும் வருவதில்லை. தூத்துக்குடியிலோ வேதாரண்யத்திலோ பாத்தியில் இறங்கி உப்பு வாருகிறவர் குனிந்தே நிற்கிறார். தலைத்துண்டு உச்சி வெயிலைத் தடுக்கும். ஆனால் பாத்தி நீரிலும் வரப்பில் குவித்த வெள்ளை உப்பிலும் பட்டுத் திரும்பும் ஒளி, கீழிருந்தும் பக்கத்திலிருந்தும் துண்டுக்கு அடியில் புகுந்துவிடும். வெயிலுக்கு அஞ்சி விடியலிலேயே வேலையைத் தொடங்குவதும் கண்ணுக்கு முழுக் காப்பு ஆகாது. ஜப்பானில் பொம்மைத் தலையில் உணரிகளைப் பொருத்தி அளந்தபோது, சூரியனை நோக்கிய கண்ணில் புற ஊதாக் கதிர் அதிகம் விழுந்தது நண்பகலில் அல்ல. சூரியன் சாய்ந்திருக்கும் முற்பகலிலும் பிற்பகலிலும்தான். தோலைக் காப்பாற்ற நாம் சொல்லும் அறிவுரையைக் கண்ணுக்கும் அப்படியே பொருத்திவிட முடியாது என்பதை இந்த அளவீடு காட்டுகிறது.

மக்கள்தொகை ஆய்வுகளும் இதையே உறுதி செய்கின்றன. நிலநடுக்கோட்டுக்கு இருபுறமும் சுமார் 37 பாகை வரையிலான பகுதியை டெரிஜியம் மண்டலம் என்பது வழக்கம். ஆய்வாளர்கள் ஃபிரெட் ஹாலோஸும் மோரனும் ஆஸ்திரேலியாவின் கிராமப்புறங்களில் நடந்த பெரிய கண் பரிசோதனைத் திட்டத்தின் தரவுகளைக் கொண்டு, புற ஊதாக் கதிர் மிகுந்த பகுதிகளில் இந்நோயும் மிகுவதை 1984இல் காட்டினர். எனினும் என் வாதத்துக்கு நெருக்கமானது அமெரிக்காவின் செசபீக் விரிகுடாவில் 838 படகுத் தொழிலாளர்களிடம் நடந்த ஆய்வு. ஒவ்வொருவரும் எத்தனை ஆண்டு, எந்த வேலையில், தொப்பியோடா கண்ணாடியோடா இருந்தார் என்று விசாரித்து, அவரவர் கண்ணில் விழுந்த கதிரைத் தனித்தனியே மதிப்பிட்டார்கள். கதிர் மிகுந்தவர்களிடம் டெரிஜியமும் மிகுந்திருந்தது. வேலையின் வரலாற்றைக் கேட்காமல் இந்நோயை அறிய முடியாது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

ஒரே வெயிலில் நின்ற எல்லோருக்கும் வருவதில்லையே என்று கேட்கலாம். பரம்பரையும் தூசும் கண் வறட்சியும் பங்கு வகிக்கக்கூடும் என்பது உண்மைதான். ஆனால் பாறைத்தூளைச் சுவாசித்த எல்லோருக்கும் சிலிக்கோசிஸ் வருவதில்லை. அதற்காக அதைத் தொழில்நோய் அல்ல என்று யாரும் விலக்கவில்லை.

அறுவை சிகிச்சை இருக்கிறதே என்பது அடுத்த சமாதானம். சுசுருத சம்ஹிதையே இதை அர்மம் என்று வகைப்படுத்தி, கொக்கியால் தூக்கி அறுக்கும் முறையைச் சொல்கிறது. வெறுமனே அறுத்துவிட்டால் சதை மீண்டும் வளரும் வாய்ப்பு மிக அதிகம். நோயாளியின் வெண்சவ்விலிருந்தே ஒரு துண்டை எடுத்து ஒட்டும் முறையைக் கென்யனும் சகாக்களும் 1985இல் விவரித்த பிறகு அந்த வாய்ப்பு பெரிதும் குறைந்தது. ஆனால் தையல் ஆறியதும் அதே பாத்திக்குத் திரும்புகிறவருக்கு நாம் நீக்கியது சதையை மட்டுமே, காரணத்தை அல்ல. அறுவைக்கு வழியில்லாதவர்கள் சிவப்பு குறையட்டும் என்று மருந்துக் கடையில் ஸ்டீராய்டு சொட்டு வாங்கி மாதக்கணக்கில் விடுகிறார்கள். அது கண் அழுத்தத்தைக் கூட்டிப் பார்வை நரம்பையே கெடுக்கக்கூடியது. சதையைவிட அந்தச் சொட்டுதான் எனக்கு அதிக அச்சம் தருகிறது.

இழப்பீட்டுக்குரிய தொழில்நோய்களைப் பட்டியலிடும் சட்ட அட்டவணையில், அகச்சிவப்புக் கதிரால் வரும் கண்புரை தொழில்நோயாக இடம்பெற்றிருக்கிறது. உலை வெப்பத்தில் கெட்ட கண்ணுக்குச் சட்டம் தரும் இந்த ஏற்பு, உப்பு வெளிச்சத்தில் கெட்ட கண்ணுக்கும் உரியது. டெரிஜியத்தைப் பெயர் சொல்லி அதில் சேர்க்க வேண்டும். கையுறை, காலணியோடு கண்ணாடியும் அளத்து முதலாளியின் பொறுப்பாக வேண்டும். அதுவும் சாதாரணக் கறுப்புக் கண்ணாடி அல்ல. அதை அணிந்தவர் கண்ணைச் சுருக்காமல் அகலத் திறந்து வைப்பார், பக்கவாட்டு ஒளி தடையின்றி நுழையும். பொட்டுவரை வளைந்து மூடும், புற ஊதாக் கதிரைத் தடுக்கும், வியர்வையில் வழுக்காத கண்ணாடியே வேண்டும். கண் முகாம்களின் சீட்டில் வயதுக்கு அடுத்த வரியில் வேலை என்ன, எத்தனை வருடம் என்ற இரு கேள்விகளைச் சேர்க்கச் செலவு எதுவும் இல்லை. இழப்பீடு கோரும் நாளில் தொழிலாளியின் கையில் இருக்கக்கூடிய ஆவணம் அந்தச் சீட்டுதான்.