இராசசிங்கன் எடுத்த கற்றளியும் பூசலார் நினைந்த கோயிலும்

காஞ்சி மாநகரின் மேல்பால் விளங்கும் கயிலாசநாதர் திருக்கோயில் பல்லவ வேந்தன் இரண்டாம் நரசிங்கவர்மன் எடுப்பித்தது. இராசசிங்கன் என்னும் விருதுப் பெயரால் வழங்கப்பெறும் இவ்வேந்தன் கி. பி. 8-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆண்டவன். பூசலார் நாயனார் புராணத்துள் சேக்கிழார் பெயர் கூறாது காடவர் கோமான் எனச் சுட்டிய அரசன் இவனே என்பது ஆராய்ச்சியாளர் பலர் கொள்கை. அக்கொள்கை எத்துணை வலியுடைத்து என்பதும், அதனாற் பெறப்படும் பொருள் யாது என்பதும் ஆராயற்பாலன.

இராசசிங்கன், பெருவளநல்லூர்ப் போரிற் சளுக்கரை வென்ற முதலாம் பரமேசுவரவர்மனுடைய மைந்தன். தந்தை காலம் போரிற் கழிந்தது. மைந்தன் காலமோ பெரும்பாலும் அமைதியுற்றிருந்தது. அவ்வமைதியை அவன் கோயிற் பணிக்கே ஆக்கினான். அவனுக்கு ஏறத்தாழ 100 ஆண்டுகட்கு முன்னர், முதலாம் மகேந்திரவர்மன் செங்கலும் மரமும் உலோகமும் சுதையும் இன்றி மண்டகப்பட்டிற் குன்றைக் குடைந்து கோயில் கண்டான். குன்று உள்ள இடத்தன்றிக் குடைவரை அமையாது. இராசசிங்கனோ கல்லைக் கொணர்ந்து ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, வேண்டிய இடத்தில் விமானம் எழுப்பும் முறையைப் பெருக வளர்த்தான். மாமல்லபுரத்துக் கடற்கரைக் கோயிலும், பனைமலைத் தாளகிரீசுவரர் கோயிலும், கச்சிக் கயிலாசநாதர் கோயிலும் அவன் பணிகள். இவற்றுட் கச்சிக் கோயிலைப் பிற்காலத்தார் பெரிய திருக்கற்றளி எனப் போற்றினர்.

அக்கற்றளியின் திருச்சுற்று மதிலை ஒட்டிச் சிற்றாலயங்கள் பல நிரல்பட நிற்கின்றன. அவற்றில் அரசனுடைய விருதுப் பெயர்கள் ஏறத்தாழ 250 பொறிக்கப்பட்டுள்ளன. கோயிலின் முன்பால் அவன் தேவி அரங்கபதாகையும், மைந்தன் மூன்றாம் மகேந்திரவர்மனும் எடுப்பித்த ஆலயங்களும் உள்ளன.

நடு விமானத்தைச் சூழ 12 வடமொழிச் சுலோகங்கள் கொண்ட கல்வெட்டு ஒன்று உளது. 1890-இல் வெளிவந்த தென்னிந்தியக் கல்வெட்டுக்கள் முதற்றொகுதியில் ஹுல்ஷ் என்னும் அறிஞர் இதனைப் பதிப்பித்தனர். இதன்கண் இரு செய்திகள் சைவர் உளங்கொள்ளத் தக்கன. முதலாவது, அரசன் சைவ சித்தாந்த நெறியில் ஒழுகி மலம் முழுதும் நீங்கப்பெற்றவன் என்பது. சைவ சித்தாந்தம் என்னும் பெயர் கல்வெட்டில் வழங்கப்பெற்ற மிகப் பழைய இடங்களுள் இஃது ஒன்றாகும். இரண்டாவது, கிருத யுகத்தில் துஷ்யந்தன் முதலிய மன்னர் தெய்வ வாக்குக் கேட்டதுபோல, இக்கலியுகத்தில் இவ்வரசனும் வானொலி கேட்டனன் என்னும் வியப்புரை.

இனிப் புராணம் கூறுவது: திருநின்றவூரிற் பூசலார் என்னும் மறையவர் இறைவனுக்குக் கோயில் எடுக்க விழைந்தார், பொருள் தேடியும் பெற்றிலர். ஆகவே மனத்தின்கண்ணே பொருளும் கருவியும் தச்சரும் தேடி, நன்னாளில் அடிநிலை பாரித்து, இரவும் துயிலாது சிகரமும் மதிலும் கிணறும் குளமும் நினைவினால் அமைத்துத் தாபனத்திற்கு நாள் குறித்தார். கச்சியிற் கற்றளி முடித்த காடவர் கோமானும் அந்நாளையே குறித்திருந்தான். இறைவன் அரசன் கனவில் தோன்றித் தான் அன்பன் ஆலயத்துட் புகுதலின் அரசன் வேறு நாள் கொள்க என்றருளினன். அரசன் நின்றவூர் சென்று கோயில் யாண்டுளது என வினவினான். அவ்வூரார் கோயில் ஏதும் இலது என்றனர். பின் பூசலாரை அடைந்து உண்மை உணர்ந்து, நிலமிசை வீழ்ந்து வணங்கி மீண்டான்.

கல்வெட்டும் புராணமும் மூன்றிடத்து ஒக்கும்: அரசன் பல்லவன், அவன் எடுத்தது கச்சிக் கற்றளி, அவன் பெற்றது தெய்வ மொழி. எனினும் வேற்றுமையும் மறைத்தற்குரியதன்று. கல்வெட்டுக் கூறுவது வானொலி. புராணம் கூறுவது கனவு. அவ்வொலி யாது மொழிந்தது எனக் கல்வெட்டு உரைத்திலது. பூசலார் பெயரும் அதன்கண் இல்லை. சேக்கிழாரோ 4 நூற்றாண்டுகட்குப் பிற்பட்டவர். ஆதலின், புராணச் செய்தி முழுதும் கல்வெட்டால் நிறுவப்பட்டது என்பார் சான்றின் அளவைக் கடந்தவராவர். ஆயினும் பூசலார் பெயர் சுந்தரர் அருளிய திருத்தொண்டத் தொகையிலேயே உளது. ஆகவே அனைத்தும் பிற்காலத்தார் புனைவு என ஒதுக்குதலும் பொருந்தாது. அரசன் இராசசிங்கனே எனல் பெரிதும் ஏற்புடைத்து எனக் கொள்ளுதலே நேரிது.

இரண்டற்கும் உள்ள ஆழ்ந்த வேற்றுமை பிறிதொன்று. கல்வெட்டில் தெய்வ வாக்கு அரசனுக்குப் புகழாகின்றது. புராணத்தில் அஃது அரசன் பணியை இரண்டாவதாக்குகின்றது. 250 விருதுகளைக் கல்லிற் பொறித்த வேந்தன், தன்னினும் முற்பட்ட கோயில் ஒன்று உண்டு எனக் கேட்டுச் சினந்திலன். அதனைக் காணச் சென்றான். கல்லும் சுண்ணமும் காணாதவிடத்தும் இகழ்ந்திலன். யான், எனது என்னும் செருக்கு அறுதலே மலநீக்கத்தின் அடையாளம் என்பது சித்தாந்தத் துணிபு. மலம் நீங்கினான் எனக் கல்வெட்டுப் புகழ்ந்துரைத்ததைப் புராணம் அவன் செயலில் வைத்துக் காட்டுகின்றது. மனக்கோயிலை உயர்த்திய சேக்கிழார் கற்றளியைப் பழித்திலர் என்பதும் நோக்கத்தக்கது. இறைவன் வேறு நாள் கொள்க என்றனனேயன்றி, அக்கோயில் வேண்டா என்றிலன்.

பின்னர்ச் சளுக்க வேந்தன் இரண்டாம் விக்கிரமாதித்தன் பகைவனாய்க் காஞ்சியுட் புகுந்தும், இக்கற்றளியின் செல்வத்தைக் கவராது மீள அளித்தான். அவன் பொறித்த கன்னடக் கல்வெட்டு ஆண்டுள்ள தூணில் இன்றும் உளது. திருநின்றவூரிலும் இருதயாலீசுவரர் என்னும் பெயரால் இறைவனுக்குக் கோயில் விளங்குகின்றது. பொருளின்றி நினைவில் எழுந்த கோயிலைப் பின்வந்த அன்பர் கல்லிற் கண்டனர். அரசன் வணங்கியது அக்கல் எழுவதற்கு முன்னரே என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.